நேற்றுவரை இல்லாத பச்சைப் புழு

மொட்டைமாடித் தொட்டியில் கறிவேப்பிலைச் செடி வளர்ப்பவர்கள் எல்லோரும் இந்தக் காலைப்பொழுதை அறிவார்கள். முந்தைய நாள் தாளிக்க நான்கு இணுக்குக் கிள்ளியபோது செடி செழிப்பாக இருந்தது. இன்று நுனிக்கொழுந்தில் இலைகளே இல்லை. வெறும் ஈர்க்குகள் நீட்டிக்கொண்டு நிற்கின்றன. அடியில் மிளகு அளவில் கரும்பச்சை உருண்டைகள் சிதறிக் கிடக்கின்றன. கிளை கிளையாகத் தேடினால் தண்டோடு தண்டாக ஒட்டியபடி ஒன்று அகப்படுகிறது: ஏறத்தாழ நான்கு சென்டிமீட்டர் நீளம், தடித்த உடம்பு, முழுப் பச்சை.

உடனே இரண்டு கேள்விகள் எழும். இது என்ன புழு? இத்தனை பெரிய புழு ஒரே இரவில் எங்கிருந்து வந்தது?

இரண்டாவது கேள்வியைப் பலரும் வாய்விட்டுக் கேட்பதில்லை. எங்கிருந்தோ ஊர்ந்து வந்திருக்கும் என்று விட்டுவிடுவார்கள். ஆனால் இரண்டு கேள்விகளுக்கும் விடை ஒன்றாகப் பிணைந்திருக்கிறது. அந்தப் பிணைப்பை அவிழ்க்க, கண்ணில் முதலில் படுவதையும் நாம் முதலில் சொல்வதையும் கொஞ்சம் ஒதுக்கிவைக்க வேண்டும். அதாவது, பச்சை நிறத்தை.

பச்சை எதையும் சொல்வதில்லை

‘பச்சையாக ஒரு புழு’ என்று சொல்லி அடையாளம் கேட்பது, பள்ளிச் சீருடையின் நிறத்தைச் சொல்லி ஒரு பிள்ளையைத் தேடச் சொல்வதற்குச் சமம். உலகில் இதுவரை விவரிக்கப்பட்ட அந்துப்பூச்சி இனங்கள் ஏறத்தாழ 1,60,000. வண்ணத்துப்பூச்சி இனங்கள் ஏறத்தாழ 18,000. இவை அனைத்துக்கும் புழுப்பருவம் உண்டு. அவற்றில் இலை தின்று இலைமேலேயே வாழும் பெருங்கூட்டம் பச்சை நிறத்தை அணிந்திருக்கிறது. ஒன்றுக்கொன்று உறவே இல்லாத குடும்பங்கள், ஒரே எதிரிக்கு அஞ்சித் தனித்தனியாக இந்த நிறத்துக்கு வந்து சேர்ந்திருக்கின்றன. அந்த எதிரி, கூர்ந்த கண்ணுள்ள பறவை.

இந்தப் பச்சை இலையிலிருந்து அப்படியே இறங்கி வந்தது என்று தோன்றலாம். தின்ற இலை குடலில் இருந்து தோல் வழியே தெரிவதும் ஓரளவு உண்மைதான். ஆனால் பல புழுக்களில் பச்சை வேறு வழியாக உருவாகிறது. இலையில் பச்சையத்தோடு மஞ்சள் நிறமிகளும் இருக்கின்றன. கேரட்டுக்கு நிறம் தரும் அதே கரோட்டினாய்டு வகை. அவற்றைப் புழு உறிஞ்சிக்கொள்கிறது. கூடவே தன் உடம்பிலேயே ஒரு நீல நிறமியைத் தயாரித்துப் புரதத்தோடு பிணைத்துக்கொள்கிறது. மஞ்சளும் நீலமும் கலந்தால் பச்சை. இதற்கு நல்ல சான்று, புகையிலையையும் தக்காளியையும் தின்னும் ஓர் அமெரிக்க அந்துப்பூச்சியின் புழு. ஆய்வகத்தில் இலை கொடுக்காமல், மஞ்சள் நிறமி குறைவான செயற்கை உணவில் வளர்த்தால் அது பச்சையாக வளர்வதில்லை, நீலமாகிவிடுகிறது.

ஆக, ஒரே இனத்திலும் நிறம் உணவைப் பொறுத்து மாறக்கூடும். தக்காளியைத் துளைக்கும் காய்ப்புழுவைப் பார்த்தவர்களுக்கு இது தெரிந்திருக்கும். ஒன்று பச்சை, அடுத்தது பழுப்பு, இன்னொன்று இளஞ்சிவப்பு. மூன்றும் ஒரே இனம்தான்.

நிறத்தைவிட அது பூசப்பட்டிருக்கும் விதம் கவனிக்கத்தக்கது. வெயிலில் எந்த உருண்டைப் பொருளை வைத்தாலும் மேல்பக்கம் வெளிறியும் அடிப்பக்கம் இருண்டும் தெரியும். அந்த நிழலை வைத்துத்தான் கண் அதன் பருமனை உணர்கிறது. பல பச்சைப் புழுக்கள் வெளிச்சம் படும் பக்கம் அடர்பச்சையாகவும் நிழல் விழும் பக்கம் வெளிர்பச்சையாகவும் இருக்கின்றன. இரண்டும் ஒன்றையொன்று ஈடுகட்டிவிட, உருண்டையான புழு பறவையின் கண்ணுக்குத் தட்டையாகிவிடுகிறது. இதை எதிர்நிழல் என்று சொல்லலாம். பிரிட்டனில் ஆய்வாளர்கள் பச்சை நிறமிட்ட மாவில் பொம்மைப் புழுக்கள் செய்து மரக்கிளைகளில் வைத்துப் பறவைகளிடம் இதைச் சோதித்தார்கள். மேலே அடர்த்தியும் கீழே வெளிறலுமாகச் செய்த பொம்மைகளே அதிகம் தப்பின. கிளையில் தலைகீழாகத் தொங்கும் வழக்கமுள்ள புழுக்களில் இந்த ஏற்பாடும் தலைகீழ்: அவற்றின் வயிற்றுப்பக்கம்தான் அடர்நிறம்.

முதலில் செடியின் பெயர்

புழுவின் அடையாளத்தில் பாதி, அது இருக்கும் செடியில் இருக்கிறது. பல இனங்களுக்கு இது பாதிக்கும் மேல்.

செடிகள் ஓடித் தப்ப முடியாதவை. தம்மைத் தின்ன வருவோரைத் துரத்த இலைகளில் கசப்பும் காரமும் நஞ்சும் தயாரிக்கின்றன. ஒரு செடிக்குடும்பத்தின் ரசாயனத்தைச் சமாளிக்கப் பழகிய புழுவுக்கு வேறு குடும்பத்து இலை பெரும்பாலும் உணவாவதில்லை. அதனால் தாய்ப்பூச்சி முட்டையிடும்முன் இலையை முன்னங்கால்களால் தட்டித் தட்டிச் சுவை பார்க்கிறது. அதன் பாதங்களில் சுவை உணரும் நுண்மயிர்கள் இருக்கின்றன. எலுமிச்சைக் குடும்பத்தில் முட்டையிடும் ஜப்பானிய வண்ணத்துப்பூச்சி ஒன்றின் முன்னங்காலில், அந்தக் குடும்ப இலைகளிலுள்ள சினெஃப்ரின் என்ற பொருளை உணரும் சுவை ஏற்பியை 2011இல் இனங்கண்டார்கள். எலுமிச்சை, நாரத்தை, வில்வம், கறிவேப்பிலை எல்லாம் ஒரே குடும்பம் என்று தாவரவியல் நூல் சொல்வதற்கு நெடுங்காலம் முன்பே பூச்சிகளுக்கு அது தெரியும்.

அரளியிலோ நந்தியாவட்டையிலோ விரல் பருமனில் ஒரு பச்சைப் புழு இருந்து, வாலில் சிறு கொம்பும் முன்பக்கத்தில் வெள்ளை கலந்த இரண்டு நீலக்கண்களும் தெரிந்தால், அது அரளிப் பருந்து அந்துப்பூச்சியின் புழு. இதில் சந்தேகத்துக்கு இடமே இல்லை. நகரத் தெருக்களில் நெடுநெடுவென்று நிற்கும் நெட்டிலிங்க மரத்தின் தளிரில் வழவழப்பான பச்சைப் புழு என்றால், பச்சைப் புள்ளிகள் நிறைந்த கருஞ்சிறகோடு ஓயாமல் துடித்துப் பறக்கும் ஒரு வண்ணத்துப்பூச்சி அதிலிருந்து வரும் வாய்ப்பே அதிகம். பாகல், கோவை, பூசணிக் கொடிகளில் மெல்லிய பச்சைப் புழுவின் முதுகில் நீளவாக்கில் இரண்டு வெள்ளைக்கோடுகள் இருந்தால் பூசணிப் புழு. முட்டைக்கோஸ், காலிஃபிளவர் இலையில் ஒரு சென்டிமீட்டர்கூட இல்லாத பச்சைப்புழு, தொட்டவுடன் பின்பக்கமாகத் துள்ளி நூலிழையில் தொங்கினால் வைரமுதுகு அந்துப்பூச்சி. சரக்கொன்றைத் தளிரிலும் பச்சைப்புழு கிடைக்கும். அது பெரும்பாலும் எலுமிச்சை மஞ்சள் நிறத்தில் கூட்டம் கூட்டமாகப் பறக்கும் வண்ணத்துப்பூச்சியின் குழந்தை.

செடி கைகொடுக்காத இடமும் உண்டு. காய்ப்புழுவும் புரொடீனியா என்ற புழுவும் ஏராளமான பயிர்களைத் தின்னும். அங்கே உடம்பைப் பார்க்க வேண்டியிருக்கிறது.

கால்களை எண்ணுங்கள்

ஒரு சாதாரண பூதக்கண்ணாடி போதும். கைபேசியின் கேமராவும் போதும். புழுவைப் பக்கவாட்டில் பாருங்கள். தலைக்குப் பின்னால் மூன்று இணைக் கூரிய கால்கள் இருக்கும். இவை உண்மைக் கால்கள். வளர்ந்த பூச்சியின் ஆறு கால்கள் இவற்றிலிருந்துதான் வருகின்றன. அப்புறம் கொஞ்சம் இடைவெளி. பிறகு சதைப்பற்றான குட்டைத் தூண்கள் நான்கு இணை, மறுபடி இடைவெளி, உடம்பின் கடைசியில் இன்னோர் இணை. இந்தச் சதைத்தூண்களைப் போலிக்கால் என்று அழைப்போம். அவற்றின் அடியில் நுண்ணிய கொக்கிகள் வரிசையாக இருக்கின்றன. புழுவை இலையிலிருந்து இழுத்தால் எளிதில் வராமல் பிடித்துக்கொள்வது இந்தக் கொக்கிகளால்தான்.

போலிக்கால் ஐந்து இணை இருந்தால் வண்ணத்துப்பூச்சியாகவும் இருக்கலாம், அந்துப்பூச்சியாகவும் இருக்கலாம். நடுவில் உள்ளவை குறைந்து, புழு உடம்பை வளைத்து வளைத்து நடந்தால் அது காவடிப்புழு. ஆமணக்கிலும் புடலையிலும் காவடிப்புழுக்கள் சாதாரணம். புடலையில் வருவது பச்சைநிறம். இலை விளிம்பை வெட்டி மடித்து அதற்குள் இருந்துகொண்டு தின்னும். நடுப்போலிக்கால்கள் இல்லாததால் வேறு வழியின்றி உடம்பைத் தூக்கித்தான் அது நகர வேண்டும். வண்ணத்துப்பூச்சியின் புழு எதுவும் இப்படிக் காவடி எடுப்பதில்லை என்பதால், அந்த நடையைப் பார்த்தாலே அந்துப்பூச்சி என்று சொல்லிவிடலாம்.

போலிக்கால் ஆறு இணைக்குக் குறையாமல் இடைவெளியின்றி நெருக்கமாக இருந்தால் விஷயமே வேறு. முள்ளங்கியிலும் கடுகிலும் கரும்பச்சை நிறத்தில் வரும் ஒரு புழுவுக்குப் போலிக்கால் எட்டு இணை. தொட்டால் சுருண்டு தரையில் விழுந்துவிடும். அது வண்ணத்துப்பூச்சியும் ஆகாது, அந்துப்பூச்சியும் ஆகாது. தேனீ, குளவிகளின் உறவான ரம்பக்குளவியின் இளம்பருவம் அது. முட்டையிட இலையை அறுக்க, பெண்பூச்சியின் வாலில் ரம்பம்போன்ற உறுப்பு இருப்பதால் இந்தப் பெயர். இந்த வேறுபாட்டில் பெரிய நடைமுறைப் பயன் இருக்கிறது. புழுக்களுக்கென்று கடைகளில் விற்கும் பி.டி. என்ற பாக்டீரியா மருந்து வண்ணத்துப்பூச்சி, அந்துப்பூச்சிப் புழுக்களின் குடலுக்கானது. ரம்பக்குளவியின் புழுவிடம் அது வேலை செய்யாது. காலை எண்ணாமல் மருந்து தெளிப்பவரின் பணமும் உழைப்பும் வீண்.

கால்களே இல்லாத பச்சைப்புழுவும் தோட்டத்தில் உண்டு. அவரைக்கொடியில் அசுவினி மொய்த்திருக்கும் தண்டுகளில், ஒரு முனை கூம்பிய, வெளிர்பச்சையில் கண்ணாடிபோல் உள்ளே தெரியும் சிறு புழு ஒன்று தலையை அப்படியும் இப்படியும் துழாவிக்கொண்டிருக்கும். அதற்கு இலை வேண்டியதில்லை. ஒவ்வோர் அசுவினியாகக் கவ்வி உறிஞ்சிவிட்டு வெறும் தோலைப் போட்டுவிட்டுப் போகும். பூக்களின் முன் அந்தரத்தில் நின்று பறக்கும் சிர்பிட் ஈயின் குழந்தை அது. ‘புழு’ என்ற ஒரே காரணத்துக்காக இதை நசுக்குகிறவர்கள் தங்கள் அவரைக்கொடியின் காவலையே கொல்கிறார்கள். இந்த அத்தியாயத்தில் ஒன்றே ஒன்றை நினைவில் வைக்க முடியும் என்றால், இந்தக் காலில்லாப் புழுவை வைத்துக்கொள்ளுங்கள் என்றுதான் கேட்பேன்.

கறிவேப்பிலைச் செடியில் ஒரு மாதம்

இனி நம் மொட்டைமாடிக்கு வருவோம். செடி தெரியும்: கறிவேப்பிலை. கால்களை எண்ணினால் போலிக்கால் ஐந்து இணை. அடுத்து உடம்பைப் பார்ப்போம்.

முன்பகுதி புடைத்திருக்கிறது. அதன் இரு பக்கமும் கண்போன்ற இரண்டு குறிகள். குனிந்து பார்த்தால் ஒரு குட்டிப் பாம்பு முறைப்பதுபோல இருக்கும். அவை கண்களே அல்ல. உண்மையான தலை அந்தப் புடைப்புக்குக் கீழே உள்ளிழுத்துக்கொண்டிருக்கிறது. அதில் பக்கத்துக்கு ஆறாக நுண்ணிய கண்கள், வெளிச்சத்தை உணரும் அளவுக்கு மட்டும். உடம்பின் பக்கங்களில் சாய்வாக ஓடும் பழுப்பும் வெள்ளையும் கலந்த பட்டைகள். முழுப்பச்சை உடம்பை இந்தப் பட்டைகள் துண்டுதுண்டாக வெட்டிக் காட்டுவதால், இலைகளுக்கிடையில் அதன் உருவம் கலைந்துபோகிறது.

இப்போது ஒரு குச்சியால் முதுகை மெல்லத் தொடுங்கள். தலைக்குப் பின்னாலிருந்து கவட்டைபோல் கிளைத்த, ஈரப்பசையுள்ள சிவந்த உறுப்பு ஒன்று சட்டென்று வெளியே நீளும். கூடவே மூக்கைத் துளைக்கும் வாடை. சில நொடிகளில் உறுப்பு உள்ளே போய்விடும். இதை நாற்றக்கவை என்று சொல்லலாம். உலகம் முழுக்க அழகி வண்ணத்துப்பூச்சிகளின் குடும்பத்தைத் தவிர வேறெந்தப் புழுவுக்கும் இந்த உறுப்பு கிடையாது. எனவே இந்தக் கணத்தில் அடையாளம் ஏறத்தாழ முடிந்தது. தாமஸ் ஐஸ்னர், இவோன் மைன்வால்ட் என்ற இரு அமெரிக்க ஆய்வாளர்கள் இதே குடும்பத்தின் வேறோர் இனத்தில் அந்த வாடைக்குக் காரணமான இரண்டு அமிலங்களை 1965இல் கண்டுபிடித்து, எறும்புகள் அதற்கு அஞ்சி விலகுவதையும் காட்டினார்கள். மனிதர்களுக்கு இதனால் தீங்கில்லை. கையில் ஒட்டினால் சோப்புப் போட்டுக் கழுவினால் போதும்.

தமிழ்நாட்டுத் தோட்டங்களில் கறிவேப்பிலையில் இப்படிக் கிடைப்பது பெரும்பாலும் இரண்டில் ஒன்று: எலுமிச்சை அழகி அல்லது கறிவேப்பிலை அழகி. பெயரைப் பார்த்து ஏமாறவேண்டாம். இரண்டுமே இரண்டு செடிகளிலும் முட்டையிடும்.

சரி, அது எங்கிருந்து வந்தது? எங்கிருந்தும் வரவில்லை. இரண்டு மூன்று வாரமாக அங்கேதான் இருந்தது.

தாய்ப்பூச்சி ஒரு தளிருக்கு ஒன்றாக, வெளிர்மஞ்சள் நிறத்தில், ஏறத்தாழ ஒரு மில்லிமீட்டர் அகலமுள்ள உருண்டை முட்டையை ஒட்டவைத்துவிட்டுப் போகிறது. சில நாட்களில் குஞ்சுப்புழு வெளிவந்து முதலில் முட்டையோட்டைத் தின்னும். அது பச்சை இல்லை. கருப்பும் பழுப்புமாக, நடுவில் வெள்ளைத் திட்டோடு, எண்ணெய் மினுமினுப்போடு இருக்கும். அச்சாகப் பறவை எச்சம். ஒளிந்துகொள்ள முயல்வதே இல்லை. இலையின் மேல்பக்கத்தில், வெட்டவெளியில் கிடக்கும். எச்சத்தை எந்தப் பறவையும் கொத்தித் தின்பதில்லை. நீங்களும் கறிவேப்பிலை பறிக்கும்போது அந்த இலையை ‘சீ’ என்று ஒதுக்கிவிட்டுத்தான் வேறு இணுக்கைக் கிள்ளியிருப்பீர்கள்.

புழுவின் தோல் ஓரளவுக்கு மேல் விரியாது. உடம்பு பெருக்கும்போதெல்லாம் பழைய தோலைக் கழற்றிவிட்டுப் புதிய தோலோடு வரவேண்டும். இரண்டு தோலுரிப்புகளுக்கு இடைப்பட்ட காலம் ஒரு பருவம். இந்த அழகிகளின் புழுக்களுக்கு வழக்கமாக ஐந்து பருவங்கள். முதல் நான்கிலும் எச்ச வேடம்தான். நான்காவது முறை தோல் உரியும்போது ஓரிரு மணி நேரத்தில் வேடம் முற்றாக மாறி, பச்சை உடம்பும் போலிக்கண்ணும் சாய்பட்டையுமாகப் புழு வெளிவருகிறது. எச்சம் அளவில் இருக்கும்வரைதான் எச்ச வேடம் எடுபடும். நான்கு சென்டிமீட்டர் எச்சத்தை யார் நம்புவார்கள்?

கூடவே பசியும் மாறுகிறது. புழு தன் வாழ்நாளில் தின்னும் மொத்த இலையில் முக்கால் பங்குக்கும் மேல் இந்தக் கடைசிப் பருவத்தில்தான் தின்னப்படுகிறது. செடி ஒரே இரவில் மொட்டையானதாகத் தோன்றியதன் காரணம் இதுவே. வாரக்கணக்கில் கண்ணுக்குப் படாத அளவில் கொறித்துக்கொண்டிருந்த ஒன்று, கடைசிச் சில நாட்களில் முழு இலைகளாக விழுங்கத் தொடங்கியது.

வேடத்தை மாற்றுவது எது?

பச்சை உடைக்கான கட்டளை எப்படிப் பிறக்கிறது என்பதை ஜப்பானில் கண்டறிந்தார்கள். ரியோ ஃபுதஹாஷி, ஹருஹிகோ ஃபுஜிவாரா இருவரும் 2008இல் வெளியிட்ட ஆய்வு அது. எடுத்துக்கொண்ட பூச்சி, எலுமிச்சைக் குடும்பச் செடிகளில் வளரும், நம் அழகிகளின் நெருங்கிய உறவு.

பூச்சிகளின் உடம்பில் இளமை ஹார்மோன் என்று ஒரு சுரப்பு இருக்கிறது. அது நிறைய இருக்கும்வரை புழு, தோலுரித்தாலும் இளம்புழுவாகவே தொடரும். நான்காம் பருவத்தில் இந்தச் சுரப்பின் அளவு சரிகிறது. அந்தச் சரிவைத்தான் பச்சைக்கான கட்டளையாக உடம்பு எடுத்துக்கொள்கிறது என்பது அவர்கள் ஊகம். சோதிக்க எளிய வழி: நான்காம் பருவத்தின் தொடக்கத்திலேயே இளமை ஹார்மோனின் வேலையைச் செய்யும் பொருளைப் புழுவுக்குக் கொடுத்தார்கள். ஐந்தாம் பருவத்துக்கு வந்த புழு அளவில் பெரியது. நிறத்திலோ இன்னும் பறவை எச்சம்! பருவத்தின் பிற்பகுதியில் அதே பொருளைக் கொடுத்தபோது பலனில்லை. புழு பச்சையாகவே வந்தது. முடிவு எடுக்கப்படும் நேரம் கடந்திருந்தது.

இதில் என்னை மிகவும் கவர்வது, அந்த நாட்களில் வெளியே எதுவுமே தெரிவதில்லை என்பதுதான். எச்சம்போலவே கிடக்கும் புழுவின் தோலுக்கடியில் அடுத்த உடை எதுவென்று தீர்மானமாகிவிட்டிருக்கிறது.

வாடையிலும் ஒரு மாற்றம் நடக்கிறது. எச்ச வேடத்தில் இருக்கும் இளம்புழு நாற்றக்கவையில் சுரப்பது டர்ப்பீன் வகைப் பொருட்கள். பச்சையான பிறகுதான் மேலே சொன்ன அமிலங்கள். உடையோடு சேர்த்து ஆயுதமும் மாறுகிறது.

இரண்டில் எது?

எலுமிச்சை அழகியா, கறிவேப்பிலை அழகியா என்பதைப் பச்சைப் புழுவை மட்டும் பார்த்துச் சொல்வது பழகிய கண்ணுக்குக்கூடச் சிரமம். பட்டைகளின் நீளமும் இடமும் ஒவ்வொரு புழுவிலும் கொஞ்சம் மாறும். ஐயமின்றி அறிய ஒரு வழி இருக்கிறது: வளர்த்துப் பார்ப்பது.

வாயகன்ற பாட்டில், மேலே கட்ட மெல்லிய துணி. கறிவேப்பிலைக் கொத்தைச் சிறு குப்பித் தண்ணீரில் செருகி, குப்பியின் வாயைப் பஞ்சால் அடைத்துவிட வேண்டும். இல்லாவிட்டால் புழு உள்ளே இறங்கி மூழ்கிவிடும். நாள்தோறும் புது இலை, நாள்தோறும் கழிவு நீக்கம், சாய்த்து வைத்த ஒரு குச்சி. கடையில் வாங்கிய இலையைப் போடாதீர்கள். தெளித்த மருந்து ஒட்டியிருந்தால் புழு மடிந்துவிடும்.

சில நாட்களில் புழு திடீரென்று உண்பதை நிறுத்தி, நீர்த்த கழிவொன்றை வெளியேற்றிவிட்டுப் பரபரவென்று அலையும். நோய் வந்துவிட்டதோ என்று பதற வேண்டாம். கூட்டுப்புழுவாக இடம் தேடுகிறது. தோட்டத்தில் இந்த அலைச்சலில் அது தாய்ச்செடியை விட்டே போய்விடுவதால்தான் கூட்டுப்புழு நம் கண்ணில் படுவதில்லை. இடம் பிடித்ததும் வாலைப் பட்டிழையில் ஊன்றி, இடுப்பைச் சுற்றி ஓர் இழையைக் கட்டிக்கொண்டு, தலை மேலாகச் சாய்ந்து அசையாமல் நிற்கும். ஓரிரு நாளில் கடைசித் தோலும் உரிந்து கூட்டுப்புழு வெளிப்படும். அது பச்சையாகவும் இருக்கலாம், பழுப்பாகவும் இருக்கலாம். அமர்ந்த பரப்பு வழவழப்பா சொரசொரப்பா என்பது உள்ளிட்ட பல குறிப்புகளைக் கொண்டு நிறம் அமைகிறது. நிறத்தை நம்பக்கூடாது என்பதற்கு இங்கும் ஒரு சான்று.

ஏறத்தாழ பத்து நாளில் சிறகு தெரியும். கருப்பில் வெளிர்மஞ்சள் திட்டுகள் நிறைய, பின்சிறகில் வால் இல்லை என்றால் எலுமிச்சை அழகி. கருஞ்சிறகில் வெள்ளைப் புள்ளிகள் ஒரு பட்டையாக ஓட, பின்சிறகில் வால் இருந்தால் கறிவேப்பிலை அழகியின் ஆண். வாலும் இருந்து சிவப்புத் திட்டுகளும் இருந்தால் அதுவும் கறிவேப்பிலை அழகிதான், ஆனால் பெண். ஆடுதீண்டாப்பாளையைத் தின்று வளர்ந்து நஞ்சேறிய வேறு இரண்டு வண்ணத்துப்பூச்சிகளின் உருவத்தை இந்தப் பெண்கள் காப்பியடிக்கின்றன. ஆணைப்போலவே இருக்கும் பெண்களும் உண்டு. இந்த வேடங்களுக்குப் பின்னால் இருப்பது ஒரே ஒரு மரபணு என்று 2014இல் கிருஷ்ணமேக் குந்தேயும் அவரது சகாக்களும் காட்டினார்கள். ஒரே தாயின் முட்டைகளிலிருந்து வெவ்வேறு வேடத்தில் மகள்கள் வரலாம்.

தொடக்கூடாத பச்சை

இதுவரை சொன்ன எந்தப் புழுவும் மனிதரைக் கடிப்பதோ கொட்டுவதோ இல்லை. இனிச் சொல்லப்போகும் ஒன்று மட்டும் விலக்கு.

தென்னை, மா, ஆமணக்கு இலைகளில் தட்டையான, கால்களே வெளியில் தெரியாத, நத்தைபோல் வழுக்கி நகரும் பச்சைப் புழு இருக்கும். முதுகில் நீலக்கோடு, உடம்பு நெடுகக் குட்டை முட்கொத்துகள். இது நத்தைப்புழு. அந்த முட்கள் உள்ளே துளையுள்ளவை. முனை உடைந்தால் நஞ்சு தோலுக்குள் இறங்கும். கடும் எரிச்சல், தடிப்பு. பட்ட இடத்தைத் தேய்க்காமல், செலோடேப்பை ஒட்டி எடுத்து முள்துகள்களை அகற்றி, சோப்பு நீரில் கழுவ வேண்டும். தடிப்பு பரவினாலோ மூச்சுத் திணறினாலோ உடனே மருத்துவரிடம் போக வேண்டும்.

அதே மாமரத்தில் இன்னொரு முள்ளுடல் பச்சைப்புழு உண்டு. முதுகின் நடுவில் வெளிர்மஞ்சள் கோடு. இரு பக்கமும் இறகுபோல் கிளைத்த நீண்ட மென்முட்கள் இலையோடு படிந்து விரிந்திருக்கும். கோட்டை இலையின் நடுநரம்போடு பொருத்திப் படுத்துக்கொண்டால் கண்ணெதிரே இருந்தும் தெரியாது. மாவிலையில் வளரும் ஒரு பழுப்பு வண்ணத்துப்பூச்சியின் புழு இது, முற்றிலும் தீங்கற்றது. முள்ளைக் கண்டதும் இரண்டையும் ஒன்றாக்கிக் கொளுத்துகிறார்கள் பலர். நீலக்கோடும் குட்டை முட்கொத்தும் ஒரு பக்கம், மஞ்சள்கோடும் இறகுமுள்ளும் மறுபக்கம். இதைக் குழந்தைகளுக்குச் சொல்லிக் கொடுத்துவிட்டால் ஒன்றைத் தொடாமலும் மற்றதைக் கொல்லாமலும் இருப்பார்கள்.

வளர்த்துப் பார்த்தவர்கள்

எந்தப் புழு எந்தப் பூச்சி ஆகும் என்று இன்று நமக்குத் தெரிந்திருப்பதெல்லாம், யாரோ ஒருவர் வீட்டில் புழு வளர்த்ததால் தெரிந்தது. 1647இல் ஜெர்மனியில் பிறந்த மரியா சிபில்லா மேரியன் சிறுமியாக இருந்தபோதே பட்டுப்புழு வளர்க்கத் தொடங்கினார். 1679இல் வெளிவந்த புழுக்களைப் பற்றிய தமது நூலில் முட்டை, புழு, கூட்டுப்புழு, பூச்சி ஆகிய எல்லாவற்றையும் அவை உண்ணும் செடியோடு சேர்த்தே வரைந்தார். செடியையும் புழுவையும் ஒரே படத்தில் வைத்தது அன்றைக்குப் புதுமை. நாம் பார்த்த ‘முதலில் செடி’ என்ற விதி அந்தப் படங்களிலேயே இருக்கிறது.

நம் நாட்டில் கார்வார் பகுதிக் காடுகளில் வன அதிகாரியாக இருந்த டி.ஆர். பெல் இந்த வேலையைப் பெரிய அளவில் செய்தார். தேடித் தேடிப் புழுக்களைக் கொண்டுவந்து வளர்த்து, பம்பாய் இயற்கை வரலாற்றுக் கழகத்தின் இதழில் 1909 முதல் இந்தியச் சமவெளி வண்ணத்துப்பூச்சிகளைப் பற்றித் தொடராக எழுதினார். பருந்து அந்துப்பூச்சிகளைப் பற்றி அவரும் ஸ்காட் என்பவரும் சேர்ந்து எழுதிய தொகுதி 1937இல் வந்தது. அரளிப் புழுவின் நீலக்கண்ணை இன்று நாம் தயக்கமில்லாமல் அடையாளம் சொல்ல முடிவதில் அப்படிப்பட்ட உழைப்புக்குப் பங்கு இருக்கிறது.

தொட்டிச் செடியில் இரண்டு மூன்று புழு இருந்தால் விட்டுவிடலாம் என்பது என் கருத்து. வேர் திடமான கறிவேப்பிலை சில வாரங்களில் மறுபடி தழைத்துவிடும். ஆனால் ஓர் அடி உயரமே உள்ள எலுமிச்சைக் கன்றுகளை நூற்றுக்கணக்கில் வைத்திருக்கும் நாற்றங்கால்காரருக்கு இதே புழு உண்மையான இழப்பு. அவர் கையால் பொறுக்கி அகற்றத்தான் வேண்டும். எச்ச வேடத்தில் இருக்கும்போதே அடையாளம் தெரிந்தால், கடைசிப் பருவத்துப் பெருந்தீனிக்கு முன்னால் அதைச் செய்யலாம்.

பாட்டிலில் வளர்ப்பவர்கள் ஒன்றை எதிர்பார்த்திருக்க வேண்டும். சில சமயம் கூட்டுப்புழு நிறம் மங்கி, விறைத்து, பத்து நாளுக்குப் பிறகும் அப்படியே இருக்கும். ஒரு நாள் அதில் குண்டூசி நுழையும் அளவு துளை விழுந்து, உலோகப் பச்சை மினுக்கோடு சின்னஞ்சிறு குளவிகள் டஜன் கணக்கில் வெளியேறும். கூட்டுப்புழுவின் தோல் இறுகுவதற்கு முன்பு ஒரு குளவி வந்து உள்ளே முட்டையிட்டிருக்கிறது. வேறு வகைக் குளவிகள் புழுவுக்குள்ளேயே வளர்ந்து, வெளியே வந்து அதன் முதுகிலோ பக்கத்து இலையிலோ அரிசி மணிபோன்ற வெள்ளைக் கூடுகளைக் கட்டும். அதைப் புழுவின் முட்டை என்று நினைத்துப் பலர் துடைத்துவிடுகிறார்கள். மேரியன் இப்படிப் புழுவிலிருந்து வேறு பூச்சிகள் வந்ததையும் மறைக்காமல் குறித்துவைத்தார். நீங்களும் செடியின் பெயர், தேதி, பக்கவாட்டில் எடுத்த படம் ஆகியவற்றோடு அந்தக் குளவிகளையும் குறித்துக்கொள்ளுங்கள். எந்தப் புழுவை எந்தக் குளவி தேடி வருகிறது என்று நம் தோட்டங்களில் இன்னும் யாரும் பார்க்காதவை நிறைய இருக்கின்றன.